முற்றத்துக்கு மேலே ஒரு துணி

‘அபராஜிதோ’ படத்தில் காசியில் ஒரு வீடு வரும். ஹரிஹரும் சர்போஜயாவும் சின்னப் பையன் அபுவும் சொந்த கிராமத்தை விட்டு வந்து ஒண்டுக்குடித்தனம் இருக்கும் வீடு. நடுவில் முற்றம், சுற்றிலும் குடித்தனங்கள். சந்துக்குள் இருப்பதால் பக்கவாட்டிலிருந்து வெயில் வர வழியில்லை. எல்லா வெளிச்சமும் மேலே திறந்திருக்கும் அந்தச் சதுரம் வழியாகத்தான் இறங்க வேண்டும். தஞ்சாவூர்ப் பக்கமோ காரைக்குடிப் பக்கமோ முற்றம் வைத்த வீட்டில் இருந்து பழகியவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. உச்சிவெயில் நேராக விழும் கொஞ்ச நேரம் போக, மற்ற நேரமெல்லாம் எங்கிருந்து வருகிறதென்றே சொல்ல முடியாத ஒரு வெளுப்பு. ஆளுக்கு நிழல் விழாது, ஆனால் ஆள் துலக்கமாகத் தெரிவார். முகத்தின் மேடு பள்ளம் எல்லாம் இருக்கும், எதுவும் குத்தாது.

அந்த வீடு காசியில் இல்லை. கல்கத்தாவில் ஒரு ஸ்டூடியோவுக்குள் போட்ட செட். முற்றத்துக்கு மேலே இருந்ததும் வானம் இல்லை, சட்டத்தில் இழுத்துக் கட்டிய வெள்ளைத் துணி.

துணியைக் கட்டியவர் ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா. படம் வந்தது 1956-இல், அவர் பிறந்தது 1930-இல், கணக்கு நீங்களே போட்டுக்கொள்ளலாம். அதற்கு முன் அவர் எடுத்திருந்த முழுநீளப் படம் ஒன்றே ஒன்று. அது ‘பதேர் பாஞ்சாலி’. அதற்கு முன்னால் சினிமா கேமராவைத் தொட்டதுகூடக் கிடையாது.

நான் சினிமாக்காரன் இல்லை. மென்பொருள் எழுதிப் பிழைப்பவன். மித்ரா மேல் எனக்கு வந்த ஆர்வம் முதலில் தொழில் சார்ந்ததுதான். எங்கள் வேலையில் ஒரு பிரச்சினைக்கு நேரான வழி அடைபட்டுப் போனால், எதையாவது வைத்துச் சமாளிப்போம். அப்படிச் சமாளிப்பாக உள்ளே போன சிலது பிற்பாடு அதுவே முறை என்று ஆகிவிடும். புதிதாக வந்த பையன் அதைப் பார்த்துவிட்டு, இது ஏன் இப்படி இருக்கிறது என்று கேட்க மாட்டான். இப்படித்தானே இருக்கும் என்று எடுத்துக்கொள்வான். இன்றைக்கு எந்தப் படப்பிடிப்புத் தளத்திலும் வெள்ளை தெர்மகோலைப் பிடித்துக்கொண்டு ஒரு தம்பி நிற்பார். ஏன் நிற்கிறார் என்று யாரும் கேட்பதில்லை.

மித்ராவின் பள்ளிக்கூடக் கதை நமக்கும் பழக்கமான ஜாதிதான். கல்கத்தாவில் சைக்கிளை மிதித்துக்கொண்டு ஆங்கிலப் படங்களுக்குப் போன பையன். வித்தியாசம் என்னவென்றால் அவன் பார்த்தது நடிகர்களை மட்டும் இல்லை. கை கிரீன், ராபர்ட் கிராஸ்கர் போன்ற ஒளிப்பதிவாளர்களின் வேலையையும் அந்த வயதிலேயே கவனித்திருக்கிறான். கட்டடக் கலைஞன் ஆவதா, ஒளிப்பதிவாளன் ஆவதா என்று யோசித்திருக்கிறான். கேமரா உதவியாளன் வேலை தேடினான், கிடைக்கவில்லை. கல்லூரியில் அறிவியல் படித்துக்கொண்டிருந்தபோது பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் ‘தி ரிவர்’ எடுக்கக் கல்கத்தா வந்தார். இந்தியாவில் எடுக்கப்பட்ட முதல் டெக்னிகலர் படம். அதிலும் வேலை கேட்டுப் பார்த்தான், கிடைக்கவில்லை. பிறகு அப்பா போய்ப் பேசினார். வேலை இல்லை, ஆனால் வேடிக்கை பார்க்கலாம் என்று அனுமதி கிடைத்தது.

(நம் பக்கம் பாலு மகேந்திரா பள்ளி மாணவனாக இலங்கையில் டேவிட் லீனின் ‘தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்’ படப்பிடிப்பைப் பார்த்த கதை எல்லோருக்கும் தெரியும். அந்த ஐம்பதுகளில் வெளிநாட்டுப் படக்குழுக்கள் அவர்களுக்கே தெரியாமல் இங்கே சில பள்ளிக்கூடங்களை நடத்திவிட்டுப் போயிருக்கின்றன.)

மித்ரா சும்மா வேடிக்கை பார்க்கவில்லை. நோட்டுப் போட்டு எழுதினார். எந்த விளக்கு எங்கே, நடிகர் எங்கிருந்து எங்கே நடந்தார், கேமரா எப்படி நகர்ந்தது என்று படம் வரைந்து குறித்தார். ஒருநாள் ஒளிப்பதிவாளர் கிளாட் ரெனுவார் ஒரு காட்சியைத் திரும்ப எடுக்க வேண்டியிருந்தபோது, முன்பு வெளிச்சம் எப்படி வைத்திருந்தோம் என்று சரிபார்க்க இந்தப் பையனின் நோட்டைத்தான் கேட்டு வாங்கினார். எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த இடம் இது. ஆவணம் எழுதி வைப்பவனை எல்லோரும் கிண்டல் செய்வார்கள், ஒருநாள் அவனிடம்தான் வந்து நிற்பார்கள்.

அதே படப்பிடிப்பை வேடிக்கை பார்க்க ஞாயிற்றுக்கிழமைகளில் இன்னொருவரும் வந்துகொண்டிருந்தார். விளம்பர நிறுவனத்தில் வேலை, வார நாளில் வர முடியாது. பெயர் சத்யஜித் ரே. தான் வராத நாட்களில் என்ன நடந்தது என்று மித்ராவிடம் கேட்டுத் தெரிந்துகொள்வார். படத்தின் கலை இயக்கத்தில் உதவியாளராக இருந்த காஷ்மீர்க்காரர் பன்சி சந்திரகுப்தாவும் அங்கேதான். பிற்பாடு ‘ரே படம்’ என்று உலகம் சொன்ன ஒன்றின் மூன்று கால்களும் யாரோ ஒருவருடைய படத்தின் ஓரத்தில் வந்து சேர்ந்தன.

1952 அக்டோபர் 27 அன்று நாணல்பூ மண்டிய வெளியில் ‘பதேர் பாஞ்சாலி’ தொடங்கியது. அபுவும் துர்காவும் ரயில் பார்க்கும் காட்சி. அடுத்த வாரம் போய்ப் பார்த்தால் மாடுகள் பூவையெல்லாம் மேய்ந்து முடித்திருந்தன. மீதியை எடுக்க மறுபடி பூக்கும்வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. ரேயின் இன்சூரன்ஸ் பாலிசி, மனைவி பிஜோயாவின் நகைகள், கடைசியில் மேற்கு வங்க அரசின் பணம் என்று படம் நொண்டி நொண்டி 1955-இல் முடிந்த கதையைப் பலரும் எழுதியாயிற்று. எனக்கு வேண்டியது அதில் ஒரு துணுக்கு மட்டும்: சினிமா கேமராவை இயக்கியே இராத ஒரு இருபத்தோரு வயதுப் பையனிடம் கேமராவைக் கொடுக்காதே என்று ரேயை எச்சரிக்கப் பலர் இருந்தார்கள். ரே கேட்கவில்லை.

அந்தக் காலத்து வங்காளத்தைப் பற்றிப் பேசும்போது நிமாய் கோஷை விட்டுவிட்டுப் போக மனம் வரவில்லை. 1950-இல் ‘சின்னமூல்’ எடுத்தவர். பிரிவினையில் வேரற்றுப் போன அகதிகளைப் பற்றிய படம். ஸ்டூடியோவை விட்டுத் தெருவுக்கு இறங்கிய வங்காள சினிமாவுக்கு ரேக்கு முன்னாலேயே ஒரு தொடக்கம். அவர் பிறகு சென்னைக்கு வந்து இங்கேயே ஒளிப்பதிவு செய்தார், 1960-இல் ‘பாதை தெரியுது பார்’ இயக்கினார், சினிமாத் தொழிலாளர் சங்கம் கட்டுவதில் எம்.பி. சீனிவாசனோடு நின்றார். அவரைப் பற்றித் தனியாகவே ஒரு கட்டுரை எழுத வேண்டும்.

சரி, துணிக்கு வருவோம்.

‘அபராஜிதோ’வின் காசித் துறைகள், படிக்கட்டுகள், சந்துகள் எல்லாம் நிஜம், அங்கேயே போய் எடுத்தது. ஹரிஹர் சாகும் கணத்தில் புறாக்கூட்டம் மொத்தமாக எழும்புகிறதே, அதுவும் காசிதான். ஆனால் வீட்டுக்குள் நடக்கும் காட்சிகளை அங்கே எடுத்துக்கொண்டிருந்தால் மழை வந்து கெடுத்துவிடும் என்ற பயம். செட் போடுவதாக முடிவாயிற்று. மித்ரா எதிர்த்தார். ரேயோடும் சந்திரகுப்தாவோடும் வாதம் செய்தார். அவருடைய வாதம் எளிமையானது: முற்றத்தில் மேலிருந்து பரவி இறங்கும் அந்த நிழலில்லாத வெளிச்சத்தை ஸ்டூடியோ விளக்குகளால் கொண்டுவர முடியாது.

அவர் சொன்னது அன்றைய நிலவரப்படி முற்றிலும் சரி. அன்று ஸ்டூடியோ விளக்கு என்றால், முன்னால் லென்ஸ் வைத்த, ஒளியைக் குவித்து அடிக்கும் விளக்கு. முகத்துக்கு ஒன்று, அதன் நிழலை நிரப்ப எதிர்ப்பக்கம் ஒன்று, முடியின் ஓரம் மின்ன முதுகுக்குப் பின்னால் ஒன்று. ஐம்பதுகளின் ஸ்டூடியோ படங்களைப் பாருங்கள், சென்னையோ பம்பாயோ ஹாலிவுட்டோ. கதாநாயகன் சுவர் ஓரமாக நடந்தால் அவனுக்கு இரண்டு மூன்று நிழல்கள் கூடவே நடக்கும். குடிசைக்குள் ஒரே ஒரு அகல் விளக்கு எரியும், ஆனால் நாயகியின் கூந்தல் பின்னாலிருந்து தங்கமாக ஒளிரும். அதை யாரும் பொய் என்று நினைக்கவில்லை. சினிமாவில் வெளிச்சம் அப்படித்தான் இருக்கும் என்று ஒரு ஒப்பந்தம். அந்த ஒப்பந்தத்துக்குள் மகா கலைஞர்கள் வேலை செய்திருக்கிறார்கள், நான் குறை சொல்லவில்லை. ஆனால் காசித் தெருவில் எடுத்த ஷாட்டிலிருந்து அபு ஓடிவந்து வீட்டுக்குள் நுழையும்போது, அந்த ஒப்பந்தத்துக்கு மாறினால் காட்சி செத்துவிடும். வெளியே நிஜம், உள்ளே நாடகம் என்று ஆகிவிடும்.

பெளதிகம் சின்னதுதான். நிழலின் ஓரம் கூர்மையாக இருப்பதும் கரைந்து போவதும், விளக்கு எவ்வளவு பிரகாசம் என்பதைப் பொறுத்தது இல்லை, நடிகர் நிற்கும் இடத்திலிருந்து பார்க்க விளக்கு எவ்வளவு பெரிதாகத் தெரிகிறது என்பதைப் பொறுத்தது. சூரியன் ராட்சசன்தான், ஆனால் நம் கண்ணுக்குச் சின்ன வட்டம், அதனால் வெயிலில் நிழல் கத்தி மாதிரி விழுகிறது. மேகம் மூடினால் வானம் முழுவதுமே விளக்காகிவிடுகிறது, நிழல் போய்விடுகிறது. முற்றத்தின் மேல் தெரியும் வானத் துண்டும் அப்படித்தான். ஆக, மித்ராவுக்குத் தேவைப்பட்டது இன்னும் நல்ல விளக்கு இல்லை. இன்னும் பெரிய விளக்கு. அப்படி ஒன்று கடையில் கிடையாது.

அவர் செட்டின் மேலே வெள்ளைத் துணியைச் சட்டத்தில் கட்டினார். விளக்குகளைக் கீழே வைத்து, நடிகர்களைப் பார்க்காமல் துணியைப் பார்த்துத் திருப்பினார். துணியில் பட்டுச் சிதறிய வெளிச்சம் முற்றத்துக்குள் இறங்கியது. துணிதான் இப்போது விளக்கு. அவ்வளவுதான் கண்டுபிடிப்பு. சொல்லிவிட்டால் ‘இதென்ன பிரமாதம்’ என்று தோன்றும்.

ஆனால் விலை உண்டு. துணியில் மோதித் திரும்பும் வெளிச்சத்தில் ஒரு சிறு பங்குதான் நடிகர்மேல் வந்து சேரும், மீதி வீண். அன்றைய ஃபிலிம் மந்தமானது, வெளிச்சம் நிறையக் கேட்கும். லென்ஸை அகலத் திறக்க வேண்டும். திறந்தால் ஃபோகஸ் பிடிக்கும் ஆழம் குறையும், நடிகர் கொஞ்சம் முன்னே வந்தால் மங்கிவிடுவார். மின்சாரச் செலவு, சூடு, காத்திருப்பு. பணம் இல்லாத தயாரிப்பில் இதைச் செய்ய ஒருவன் பிடிவாதக்காரனாக இருக்க வேண்டும். மித்ரா பிடிவாதக்காரர்தான். அவரைப் பற்றி எழுதிய எல்லோரும் அந்த ஒரு விஷயத்தில் ஒத்துப்போகிறார்கள்.

கிடைத்தது என்ன? வெளிச்சம் நடிகருக்கு என்று இல்லாமல் இடத்துக்கு என்று ஆகிவிட்டது. குவித்த விளக்குக்கு நடிகர் குறித்த புள்ளியில் வந்து நிற்க வேண்டும், தலையைக் குறித்த பக்கம் திருப்ப வேண்டும். துணி வெளிச்சத்தில் அது வேண்டாம். சர்போஜயாவாக நடித்த கருணா பானர்ஜி அந்த வீட்டுக்குள் புழங்குவதைப் பாருங்கள். ஏதோ எடுக்கக் குனிகிறார், நிமிர்கிறார், கதவோரம் நின்று எட்டிப் பார்க்கிறார். எங்கேயும் ‘என் விளக்கு எங்கே’ என்ற தயக்கம் இல்லை. நாம் அதை நடிப்பின் இயல்பு என்று பாராட்டுகிறோம். பாதிக்கு மேல் நடிப்புத்தான், சந்தேகமில்லை. மீதி, தலைக்கு மேலே கட்டியிருந்த துணி.

இனி கொஞ்சம் வம்பு.

ரே ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறார். பெர்க்மனின் ‘த்ரூ எ கிளாஸ் டார்க்லி’ (1961) வந்த சமயத்தில் ‘அமெரிக்கன் சினிமாட்டோகிராஃபர்’ இதழில் ஸ்வென் நிக்விஸ்ட்டின் நீளமான கட்டுரை ஒன்றைப் படித்தாராம். எதிரொளியால் ஒளியமைக்கும் முறை ஏதோ அப்போதுதான் கண்டுபிடிக்கப்பட்டது போல அதில் இருந்ததாம். நாங்கள் பல வருடமாக இதைத்தானே செய்துகொண்டிருக்கிறோம் என்கிறார் ரே. இந்திய சினிமா ரசிகர்கள் மத்தியில் இது ஒரு ‘பார்த்தீங்களா, வெள்ளைக்காரன் திருடிட்டான்’ கதையாகவே சுற்றுகிறது. திருட்டு எல்லாம் இல்லை. ஸ்டாக்ஹோமில் இருந்தவருக்குக் கல்கத்தா செட்டின் கூரை எப்படித் தெரியும்?

எனக்கு சுவாரசியமாகப் படுவது வேறு. ஏறக்குறைய அதே காலத்தில் ஜெனீவாவில் ரவுல் கூத்தார், கோதாரின் ‘லெ பெத்தி சோல்தா’வுக்கு விளக்குகளை அறையின் கூரைப் பக்கம் திருப்பி வைத்து எடுத்தார். ஸ்டில் போட்டோகிராபர்கள் ஃபிளாஷைக் கூரையில் அடித்து எடுப்பது அதற்கும் முந்தியது. ஆக யார் முதல் என்ற கேள்விக்குச் சுத்தமான பதில் இருக்கப்போவதில்லை. ஆனால் மூன்று பேரும் ஏன் அங்கே வந்து சேர்ந்தார்கள் என்று பாருங்கள். கூத்தார் இந்தோசீனாவில் போர்ப் புகைப்படக்காரராக இருந்தவர். கோதாருக்கு விளக்குக்காகக் காத்திருக்கப் பொறுமை இல்லை, நடிகர்களும் கேமராவும் அறைக்குள் எங்கு வேண்டுமானாலும் போக வேண்டும். தேவை வேகம். நிக்விஸ்ட்டும் பெர்க்மனும் ‘வின்டர் லைட்’ (1963) எடுப்பதற்கு முன் ஒரு தேவாலயத்தில் போய் உட்கார்ந்து குளிர்காலப் பகல் வெளிச்சம் நேரத்துக்கு நேரம் எப்படி மாறுகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். தேவை வடக்கத்திய வெளிச்சத்துக்கு நேர்மை. மித்ராவின் தேவை? மழை வந்துவிடுமோ என்ற பயம், ஒரு செட், அந்த செட் பொய் சொல்லக் கூடாது என்ற பிடிவாதம். மூன்று ஊர், மூன்று காரணம், ஒரே விடை. திருட்டுக் கதையைவிட இது பெரிய கதை இல்லையா?

ஆனாலும் ஒன்று உறுத்துகிறது. நிக்விஸ்ட்டுக்கு எழுத ஓர் இதழ் இருந்தது. அவர் செய்தது அடுத்த மாதமே உலகத்தின் ஒளிப்பதிவாளர்கள் மேசைக்குப் போயிற்று. மித்ரா செய்தது படத்துக்குள் மட்டும் இருந்தது. படமோ ‘ரேயின் படம்’ என்ற பெயரில் ஊர் ஊராகப் போயிற்று.

எங்கள் தொழிலில் ஒரு வசதி உண்டு. எந்த வரியை யார், எந்தத் தேதியில் எழுதினார்கள் என்று ஒரு கட்டளையில் கேட்டுவிடலாம். ‘கிட் பிளேம்’ என்று அதற்குப் பெயர். பெரும்பாலும் பழி போடத்தான் பயன்படுகிறது என்பது வேறு விஷயம். சினிமாவின் ஒரு ஃபிரேமுக்கு அப்படி எதுவும் கிடையாது. ‘ஜல்சாகர்’ (1958) படத்தில் ஜமீன்தார் பிஸ்வம்பர் ராயின் கையிலிருக்கும் மதுக்கோப்பைக்குள் சரவிளக்கு ஆடுகிறதே, அது ரேயின் வரியா, மித்ராவின் வரியா, சரவிளக்கைத் தொங்கவிட்ட சந்திரகுப்தாவின் வரியா? ரே தன் காட்சிகளை முன்கூட்டியே வரைந்துவிடுபவர். வரைந்த காகிதத்தில் சட்டகம் இருக்கும், வெளிச்சம் இருக்காது. கார்த்தியே-பிரெஸ்ஸோனின் புகைப்படங்கள் இருவருக்கும் பொதுவான பித்து. இருக்கிற வெளிச்சத்தின் நியாயத்தை மீறக் கூடாது என்பது இருவருக்கும் பொதுவான கொள்கை. அதற்குமேல் பிரிக்கப் போனால் சட்டை கிழிந்துவிடும்.

இருவரும் சேர்ந்து பத்துப் படங்கள் செய்தார்கள். எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டிருக்கவில்லை. ‘காஞ்சன்ஜங்கா’ (1962) ரேயின் முதல் வண்ணப்படம். டார்ஜிலிங்கில் வெயிலும் மேகமும் பனிமூட்டமும் மாறி மாறி வருவதையே திரைக்கதைக்குள் எடுத்துக்கொண்டார்கள். மேகத்துக்கு ஒரு காட்சி, வெயிலுக்கு ஒரு காட்சி என்று நடிகர்கள் தயாராகக் காத்திருந்தார்கள். இடையில் கண் நோயால் மித்ராவால் வேலை செய்ய முடியாமல் போனபோது, அவரிடம் உதவியாளராக இருந்த சௌமேந்து ராய் ‘தீன் கன்யா’வை (1961) எடுத்தார். பிற்பாடு நடக்கப்போவதற்கு அது ஒத்திகை மாதிரி ஆகிவிட்டது.

‘சாருலதா’ (1964) தான் உச்சம் என்று பலரும் சொல்வார்கள், எனக்கும் அதில் மறுப்பில்லை. வெளியுலகம் ஜன்னல் வழியாகவும் தோட்டம் வழியாகவும் மட்டும் வந்துபோகும் ஒரு பணக்கார வீடு. சாரு கையில் பைனாகுலரோடு ஜன்னல் ஜன்னலாக ஓடித் தெருவைப் பார்க்கிறாள். ஒவ்வொரு மரச்சட்டத்தின் இடுக்கிலும் மதியத்தின் வெளிச்சம் கொஞ்சம் உள்ளே வருகிறது, அதிகம் வருவதில்லை. அந்த வீடும் பெரும்பாலும் செட்தான். ஒரு மத்தியானம் எவ்வளவு நீளமாக இருக்க முடியும் என்பதை வசனம் இல்லாமல் அந்த வெளிச்சம் சொல்லிவிடுகிறது. லீவு நாளில் வீட்டில் தனியாக இருந்து பார்த்தவர்களுக்குப் புரியும்.

ஆனால் ‘சாருலதா’வில்தான் ரே கேமராவைத் தானே இயக்க ஆரம்பிக்கிறார். அதாவது ஒளியமைப்பு மித்ரா, வியூஃபைண்டரில் கண் ரே. லென்ஸ் வழியாகப் பார்த்தால்தான் ஒரு ஷாட் சரியாக வந்ததா என்று இயக்குநருக்கு நிச்சயமாகத் தெரியும் என்பது ரே சொன்ன காரணம். மானிட்டர் இல்லாத காலம். காரணம் நியாயமானது, மறுக்க முடியாது. ஆனால் மித்ராவின் இடத்திலிருந்து யோசித்துப் பாருங்கள். ‘தி ரிவர்’ படப்பிடிப்பில் கேமராவின் நகர்வுகளை நோட்டில் வரைந்த பையன் அவர். அவருக்கு வெளிச்சமும் சட்டகமும் இரண்டு வேலைகள் இல்லை. ஒருவர் வீட்டில் அடுப்பை மட்டும் அவருக்கு விட்டுவிட்டுக் கரண்டியை இன்னொருவர் வாங்கிக்கொண்ட மாதிரி.

1966-இல் ‘நாயக்’. ஓடும் ரயிலுக்குள் நடக்கும் படம், ரயில் பெட்டியோ சந்திரகுப்தா போட்ட செட். ஜன்னலுக்கு வெளியே ஓடும் காட்சி பின்திரையில் புரொஜக்டர் வைத்து ஓட்டியது. பின்திரையின் வெளிச்சம் எப்போதுமே சோகையானது. உள்ளே கொஞ்சம் கூடிப்போனாலும் ஜன்னலில் காலண்டர் மாட்டியது போலத் தெரியும். குறைந்தால் உத்தம்குமார் முகம் இருண்டுவிடும். ‘நாயக்’ பார்க்கும்போது அது நிஜ ரயில் இல்லை என்று தோன்றவே தோன்றாது. மித்ரா ரேயோடு செய்த கடைசிப் படம் அது.

பிரிவுக்கு யார் காரணம் என்ற பஞ்சாயத்து எனக்கு வேண்டாம். விளைவு மட்டும் பேசினால் போதும். ரே அதன் பிறகு கால் நூற்றாண்டு படம் எடுத்தார். சௌமேந்து ராய் அவருக்கு அருமையான துணையாக இருந்தார். ‘அரண்யேர் தின் ராத்ரி’யையோ ‘அஷானி சங்கேத்’தையோ பார்த்துவிட்டு மித்ரா இல்லாததால் ரே கெட்டுப்போனார் என்று சொன்னால் அது பொய். கெட்டது மித்ராவின் பக்கம்தான். ரேயோடு இருந்தபோதே அவர் மெர்ச்சன்ட்-ஐவரியின் தொடக்க காலப் படங்களை எடுத்துக்கொண்டிருந்தார். ‘தி ஹவுஸ்ஹோல்டர்’, ‘ஷேக்ஸ்பியர் வாலா’, பிறகு ‘தி குரு’, ‘பாம்பே டாக்கி’. அவையும் சொற்பப் பணத்தில் எடுத்தவைதான். இந்தியில் பாசு பட்டாச்சார்யாவின் ‘தீஸ்ரி கசம்’ (1966). ராஜ் கபூர் மாட்டு வண்டி ஓட்டிக்கொண்டு போகும் அந்த நீண்ட மண் பாதையின் சாம்பல் நிறங்களுக்காகவே அதைப் பார்க்கலாம். படம் ஓடவில்லை. தயாரித்த பாடலாசிரியர் சைலேந்திரா அந்த வருடமே இறந்தும் போனார்.

1970-க்குப் பிறகு மித்ராவின் பட்டியலில் பெரிய பெரிய இடைவெளிகள். 1986-இல் ‘நியூ டெல்லி டைம்ஸ்’, அதற்குத் தேசிய விருது. கடைசிக் காலத்தில், 1997-லிருந்து, கல்கத்தாவில் ரேயின் பெயரிலேயே தொடங்கப்பட்ட திரைப்பட நிறுவனத்தில் ஒளிப்பதிவு கற்பித்தார். 2001 டிசம்பர் 7-இல் காலமானார். மெதுவாக வேலை செய்பவர், சமாதானமாகப் போகத் தெரியாதவர் என்ற பெயர் அவருக்குக் கடைசிவரை இருந்தது. நானும் அப்படி இரண்டொருவரோடு வேலை பார்த்திருக்கிறேன். டெட்லைன் நெருங்கும்போது அவர்களைப் பார்த்தாலே ரத்தக் கொதிப்பு ஏறும். ஆனால் ராத்திரி இரண்டு மணிக்கு எதுவும் விழாமல் நின்றுகொண்டிருப்பது அவர்கள் எழுதிய பகுதி மட்டுமாகத்தான் இருக்கும்.

இன்னொன்று சொல்ல வேண்டும். மித்ராவின் வெளிச்சத்தை நாம் பார்க்க முடிவதே ஒரு தற்செயல். 1993-இல் லண்டனில் ஹெண்டர்சன் லேபில் ஏற்பட்ட தீ விபத்தில் அபு படங்கள் மூன்றின் மூல நெகட்டிவ்களும் கருகின. கருகிய சுருள்களை யாரோ தூக்கிப் போடாமல் அமெரிக்காவில் அகாடமியின் காப்பகத்துக்கு அனுப்பினார்கள். இருபது வருடம் அப்படியே கிடந்தன. பிறகு கிரைட்டீரியன் நிறுவனமும் அகாடமியும் சேர்ந்து அவற்றை இத்தாலியின் போலோன்யாவில் உள்ள பட மீட்பு லேபுக்குக் கொண்டுபோக, அங்கே ஏறக்குறைய ஆயிரம் மணி நேரக் கைவேலை நடந்தது. உலர்ந்து முறுகிய ஃபிலிமை இளக்கி, உருகிய டேப்பைச் சுரண்டி, ஓரத்து ஓட்டைகளைச் சரிசெய்து. ‘பதேர் பாஞ்சாலி’யில் 40 சதவீதமும் ‘அபராஜிதோ’வில் 60 சதவீதத்துக்கு மேலும் மூல நெகட்டிவிலிருந்தே மீண்டன. ‘அபுர் சன்சார்’ முழுக்கப் பிற பிரதிகளிலிருந்துதான் தயாரானது. 2015-இல் புதுப்பித்த படங்கள் வெளிவந்தன.

நான் கல்லூரி ஹாஸ்டலில் லேப்டாப்பில் பார்த்த ‘அபராஜிதோ’ ஒரு மங்கிப்போன பிரதி. வெள்ளை எரிந்திருந்தது, கறுப்பு சேறாக இருந்தது, நடுவில் ஒன்றும் இல்லை. மித்ரா வேலை செய்ததே அந்த நடுவில்தான். புதுப்பித்ததை வேளச்சேரியில் ஒரு நண்பன் வீட்டு புரொஜக்டரில் பார்த்தோம். காசி வீடு வந்ததும் படத்தை நிறுத்தி, இது ஸ்டூடியோ, மேலே இருப்பது துணி என்றேன். ‘டேய், சும்மா இரு. மழை வர்ற மாதிரி இருக்குடா அந்த வானம்’ என்றான். வானம் திரையில் தெரியவே இல்லை. அவன் அதைச் சர்போஜயாவின் முகத்தில் பார்த்திருக்கிறான்.

‘பதேர் பாஞ்சாலி’யில் மிட்டாய்க்காரர் வரும் காட்சி எல்லோருக்கும் நினைவிருக்கும். தோளில் காவடி மாதிரி இரண்டு பானைகள். துர்கா பின்னால் போகிறாள், அவள் பின்னால் அபு, அவன் பின்னால் தெருநாய். வாங்கக் காசில்லை, சும்மா போகிறார்கள். கேமரா கரையைவிட்டுக் குளத்துக்குள் பார்க்கிறது, நால்வரும் தண்ணீரில் தலைகீழாக நடந்து போகிறார்கள். ரவிசங்கர் ஒரே அமர்வில் இசையைப் பதிவு செய்து கொடுத்துவிட்டுக் கிளம்பிப் போய்விட்டார். சில காட்சிகளுக்கு இசை மீதம் இருந்தது. இந்தக் காட்சியில் துள்ளிக்கொண்டே கூடப் போகிறதே ஒரு சிதார், அது ரவிசங்கர் வாசித்தது இல்லை. படம் எடுத்த பையனுக்குக் கொஞ்சம் சிதார் வாசிக்கத் தெரிந்திருந்தது.